பாடு: ஒரு சொல்லும் அதன் பட்டியலும்

1

‘பாடுன்னா பாடுதான் சார். அதை வேற என்னான்னு சொல்றது?’

சில ஆண்டுகளுக்கு முன் பழவேற்காட்டுக் குப்பம் ஒன்றில், வலை பின்னுகிற கொட்டகைக்குக் கீழே உட்கார்ந்து ஒரு மனுவை ஆங்கிலத்தில் பெயர்த்துக்கொண்டிருந்தபோது எனக்குக் கிடைத்த பதில் இது. இரண்டு பக்க மனு. முகத்துவாரத்தை ஒட்டிய நீரில் தலைமுறை தலைமுறையாகத் தங்களுக்குப் பாடு இருந்துவருகிறது, வரப்போகிற எந்தத் திட்டமும் அதைத் தொடக்கூடாது என்பதுதான் அதன் சாரம். ஒரு விசாரணையில் வைப்பதற்காகத் தயாரானது. அதில் ‘பாடு’ என்ற சொல் ஒன்பது இடத்தில் வந்தது. நான் ஒன்பது இடத்திலும் ஒன்பது விதமாக எழுதினேன். உரிமை என்றேன், முறை என்றேன், பங்கு என்றேன், துறை என்றேன், ஓரிடத்தில் உழைப்பு என்றும் எழுதிவைத்தேன். மனுவை வாங்கிப் படித்த வக்கீல் ஒன்பதையும் அடித்துவிட்டு, அதற்கு மேல் ஒரே ஒரு சொல்லை எழுதினார்: ப்ராஃபிட் ஆ ப்ராந்த்ர். ‘சட்டத்துல இதுக்கு இதாங்க பேரு. கோர்ட்டுக்குப் புரியும்’ என்றார்.

கோர்ட்டுக்குப் புரியும் என்பது உண்மை. கோர்ட்டுக்கு என்ன புரியும் என்பதுதான் கேள்வி. மொழிபெயர்ப்பில் ஒரு சொல் தொலைவது பற்றி நம் சிறுபத்திரிகைகளில் நிறையப் பேசியாயிற்று. கவிதையில் சொல் தொலைந்தால் விமர்சகனுக்கு வருத்தம். மனுவில் சொல் தொலைந்தால் ஒரு ஊருக்குத் தண்ணீர் தொலையும். அந்த மனுவில் நான் எழுதாமல் விட்ட ஒரு வரியும் உண்டு. அதற்குக் கடைசியில் வருகிறேன்.

2

முதலில் சொல். ‘படு’ என்ற வினையிலிருந்து வந்த பெயர் பாடு. பழைய இலக்கியத்தில் அதற்குப் பெருமை என்றும் பொருள் உண்டு. நம் வாயில் இன்று அது பெரும்பாலும் துன்பம்: பட்ட பாடு, படாத பாடு. துன்பத்துக்குப் பக்கத்திலேயே உழைப்பு: பாடுபட்டவன், பாட்டாளி. அதற்கும் பக்கத்தில் ஒருவனுடைய தனி விவகாரம்: ‘அது உன் பாடு’, ‘அவன் பாட்டுக்குப் போறான்’. கடற்கரையில் போய்க் கேட்டால் பிடிபட்ட மீனும் பாடுதான்: ‘இன்னிக்கு மீன்பாடு எப்படி?’ ஈழத்தின் வடகரையில் கரைவலை இழுக்கிற இடத்துக்கே பாடு என்று பெயர். கரைவலைப்பாடு என்கிறார்கள். கிளிநொச்சிக் கரையில் ஓர் ஊரின் பெயரே வலைப்பாடு.

ஆக, உழைக்கிற இடம், உழைக்கிற முறை, உழைப்பு, உழைப்பில் கிடைத்தது, கிடைக்காமல் போனால் படுகிற துன்பம் எல்லாம் ஒரே சொல்லில் கிடக்கின்றன. இதை வெறும் பலபொருள் ஒருசொல் என்று இலக்கணக்காரர்போல ஒதுக்கிவிட முடியாது. நவீனச் சட்டமும் பொருளாதாரமும் எவற்றை வேறு வேறு கணக்குப் புத்தகங்களில் எழுதினவோ (இடம் ஒன்றில், உழைப்பு ஒன்றில், வருமானம் ஒன்றில், இழப்பு ஒன்றில்) அவற்றை இந்தச் சொல் பிரிக்காமல் வைத்திருக்கிறது. மொழிபெயர்க்க உட்கார்ந்தவன் ஒன்பது சொல் தேடியதற்குக் காரணம் அதுதான்.

ஆனால் இந்தச் சொல்லுக்கு ஒட்டுகிற முன்னொட்டுகளையும் மறக்கக்கூடாது. ஏற்பாடு, உடன்பாடு மாதிரியே கட்டுப்பாடும் பாடுதான். ஊர்க்கட்டுப்பாடு என்றால் கிராமத்தில் என்ன அர்த்தம் என்று இதைப் படிக்கிறவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. கிணற்றில் தண்ணீர் கிடையாது, கடையில் சாமான் கிடையாது, பேச்சு வார்த்தை கிடையாது. உடன்பாட்டுக்கும் கட்டுப்பாட்டுக்கும் நடுவில் எங்கேயோதான் பழவேற்காட்டுப் பாடு நிற்கிறது.

3

சிலிக்காவுக்கு அடுத்தபடி இந்தியாவின் பெரிய உவர்நீர் ஏரி பழவேற்காடு. பெரும்பகுதி ஆந்திராவில். தென்முனை மட்டும் திருவள்ளூர் மாவட்டம், பொன்னேரி வட்டத்தில் வருகிறது. ஆரணி ஆறும் காளங்கியும் நல்ல தண்ணீரைக் கொண்டுவருகின்றன. முகத்துவாரம் வழியாகக் கடல் உள்ளே வந்துபோகிறது. கடலில் பொரிந்த இறால் குஞ்சு ஏற்றத்தோடு ஏரிக்குள் நுழைகிறது, உவர்நீரில் வளர்கிறது, வளர்ந்ததும் வற்றத்தோடு கடலுக்குத் திரும்புகிறது. திரும்புகிற வழியில் கழி நட்டுக் கட்டப்படுவதுதான் சுத்து வலை. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி நீரோட்டம் வலுக்கும். இறாலும் அப்போதுதான் கூட்டமாக நகரும்.

ஓட்டம் எல்லா இடத்திலும் ஒன்றுபோல இருக்காது. முகத்துவாரத்தை ஒட்டிய சில நீர்வழிகளில்தான் வலைக்கு இறால் விழும். எல்லாரும் ஒரே நாளில் அங்கே கழி நட்டால் யாருக்கும் ஒன்றும் கிடைக்காது, மண்டைதான் உடையும். இந்தச் சிக்கலுக்கு ஊர் கண்ட வழிதான் பாடு. பெயர்ப் பட்டியல் ஒன்று இருக்கும். சீட்டுக் குலுக்கிப் போடுவார்கள். இன்றைக்கு இந்தத் துறை உனக்கு, அடுத்த முறை இன்னொருத்தனுக்கு, சுற்றி வந்து மறுபடி உனக்கு. நல்ல இடமும் மோசமான இடமும் எல்லார் கைக்கும் வந்துபோகும். கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர்மாதாகுப்பம் ஆகிய பட்டினவர் குப்பங்களின் வழிமுறையாக இது எழுத்தில் பதிவாகியிருக்கிறது. கொச்சிக் காயலிலும் இறால் வலைக்கு இதே முறை, இதே பெயர்.

இங்கே கவனிக்க வேண்டியது ஒன்று. பாடு உள்ளவனுக்கு ஏரியில் ஒரு அங்குலம்கூடச் சொந்தமில்லை. அவனுக்குச் சொந்தமானது ஒரு நாள், அல்லது ஒரு இரவு. அவன் உரிமையை நிலப்படத்தில் காட்ட முடியாது. காலண்டரில் காட்டலாம். ‘இன்னிக்கு யார் பாடு?’ என்று கேட்கிறார்களே தவிர ‘இது யார் இடம்?’ என்று கேட்பதில்லை.

இதற்குப் பக்கத்தில் அரசாங்கத்தின் சொல்லை வைத்துப் பாருங்கள். தமிழ்நாட்டின் ஏரி குளங்களில் மீனுக்கான உரிமைக்கு வருவாய்க் காகிதத்தில் மீன்பாசி என்று பெயர். மீன்பாசி குத்தகை, மீன்பாசி ஏலம். அதிகம் கேட்டவனுக்குக் குளம். குத்தகை முடிகிறவரை குளத்து மீன் அவனுடையது. ஏலத்தில் காசு பேசுகிறது, பாட்டில் சீட்டு பேசுகிறது. ஒன்றில் இருக்கிறவன் ஜெயிக்கிறான். மற்றதில் அதிர்ஷ்டத்தைக்கூட முறைவைத்துப் பங்கு போடுகிறார்கள். இதுவரை சொன்னதைக் கேட்டு நம் தோழர்கள் சந்தோஷப்படுவார்கள் என்று தெரியும். நானும் அப்படித்தான் சந்தோஷப்பட்டேன்.

4

இனி வக்கீலின் சொல். ப்ராஃபிட் ஆ ப்ராந்த்ர் இங்கிலாந்து நீதிமன்றங்களின் பழைய பிரெஞ்சிலிருந்து வந்தது. நேராகச் சொன்னால் ‘எடுத்துக்கொள்ளும் ஆதாயம்’. அடுத்தவன் நிலத்தில் புகுந்து அதில் விளைவதை, கிடப்பதை எடுத்துக்கொண்டு போகிற உரிமை. புல் மேய்ப்பது, விறகு பொறுக்குவது, கரிமண் வெட்டுவது, மீன் பிடிப்பது. கேட்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தப் பெயருக்குள்ளேயே ஒரு விஷயம் தீர்மானமாகிவிட்டது: நிலம் அடுத்தவனுடையது. முதலில் ஒரு சொந்தக்காரன், பிறகுதான் எடுக்கிறவன்.

1607இல் கேட்வர்ட் வழக்கில் இங்கிலாந்து நீதிமன்றம் இன்னும் ஒரு படி போனது. ஓர் ஊரில் குடியிருக்கிறோம் என்பதற்காக மட்டும் ஊர்க்காரர்கள் அடுத்தவன் மண்ணில் எடுக்கும் உரிமையை வழக்காற்றின் பேரால் கேட்க முடியாது என்றது. குடியிருப்பவர்கள் வருவார்கள் போவார்கள், நிலையில்லாத கூட்டத்துக்கு எப்படி உரிமை என்பது வாதம். வீடும் நிலமும் உள்ளவன் அந்த வீட்டின் பேரால் கேட்கலாம். வெறும் ஆள் கேட்கக்கூடாது. ஏழைகளின் வழக்காற்று உரிமைகள் எப்படிக் குற்றங்களாக்கப்பட்டன என்று எழுதிய இ.பி. தாம்ப்ஸன், 1991இல் வந்த தம் நூலில் இந்தத் தீர்ப்பை ஒரு முக்கியமான திருப்பமாகப் பார்ப்பது காரணத்தோடுதான்.

இந்தச் சட்ட மனம் நம் ஊருக்குக் கப்பலேறி வந்தது. 1882இல் வந்த இந்திய ஈஸ்மெண்ட் சட்டத்தின் 4ஆம் பிரிவைப் பாருங்கள். நம் பத்திரங்களில் ‘வழிநடை பாத்தியம், ஜலதாரை பாத்தியம்’ என்று எழுதுகிறோமே, அந்தப் பாத்தியம்தான் ஈஸ்மெண்ட். அது ஒருவனுக்கு எதனால் வருகிறது? அவனுக்கு ஒரு நிலம் இருப்பதனால். அந்த நிலத்தை நன்றாக அனுபவிக்க அடுத்த நிலத்தில் அவனுக்கு ஒரு பாத்தியம். எடுத்துக்கொள்ளும் ஆதாயமும் இதற்குள் அடக்கம். நிலமே இல்லாதவனுக்கு? அவன் இந்தப் பிரிவுக்குள் வரவே முடியாது. குப்பத்தில் குடிசைக்கே பட்டா இல்லாத ஒருவன் எந்த நிலத்தை நன்றாக அனுபவிப்பதற்காக இறால் பிடிக்கிறான்?

சரி, ஈஸ்மெண்ட் வேண்டாம், தனித்த ஆதாயமாகவே கேட்போம் என்றால் அதற்கும் ஒரு தீர்ப்பு காத்திருக்கிறது. நம் ஏரியின் அக்காவான சிலிக்கா ஏரியில் எழுந்த வழக்கு. பாரிகுட் ராஜாவிடம் பணம் கட்டி, ஏரியின் குறிப்பிட்ட பகுதிகளில் மீன் பிடித்துக்கொள்ள வாய்மொழியாக அனுமதி வாங்கியிருந்தார்கள் சிலர். ஒரிசாவில் 1951ஆம் வருஷத்து ஜமீன் ஒழிப்புச் சட்டப்படி ராஜாவின் எஸ்டேட் அரசாங்கத்துக்குப் போயிற்று. அரசாங்கம் அந்த அனுமதியை ஏற்கவில்லை. ஆனந்த பெஹெரா எதிர் ஒரிசா அரசு என்ற அந்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 1955இல் சொன்னது: மீனைப் பிடித்து எடுத்துக்கொண்டு போகிற உரிமை ப்ராஃபிட் ஆ ப்ராந்த்ர். அது நிலத்திலிருந்து வருகிற பலன். ஆகவே அசையாச் சொத்து. நூறு ரூபாய்க்கு மேற்பட்ட அசையாச் சொத்தை வாய்மொழியாக விற்க முடியாது, பதிவு செய்த பத்திரம் வேண்டும். பத்திரம் இல்லை, ஆகவே உரிமையும் இல்லை.

இந்தத் தர்க்கத்தின் நடையைக் கவனிக்க வேண்டும். நீந்துகிற மீனிலிருந்து அசையாச் சொத்துக்கு மூன்றே எட்டு. ஜமீனை ஒழித்த முற்போக்குச் சட்டத்தின் நிழலில், ராஜாவின் இடத்தில் அரசாங்கம் உட்கார்ந்துகொண்டது. ஏரிக்கு ஒரு சொந்தக்காரன் இருந்தே ஆக வேண்டும் என்பது மட்டும் மாறவில்லை. நம் வக்கீல் ஒன்பது ‘பாடு’களை அடித்துவிட்டு எழுதிய சொல்லுக்குள் இவ்வளவும் இருந்தது. பத்திரம் எங்கே என்ற கேள்வியை எதிராளி கேட்க வேண்டியதில்லை. மனுவே கேட்டுவிட்டது.

1980இல் ஏரியின் தமிழ்நாட்டுப் பகுதி பறவைகள் சரணாலயம் ஆயிற்று. 1972ஆம் வருஷத்து வனவிலங்குச் சட்டத்தில் ‘நிலம்’ என்றால் ஆறும் ஏரியும் சதுப்பும் அதில் அடக்கம். அந்த ‘நிலத்தில்’ யாருக்கு என்ன உரிமை என்று கலெக்டர் விசாரித்துத் தீர்மானிக்க வேண்டும், உரிமை கேட்பவர் குறித்த படிவத்தில் எழுத்தில் கேட்க வேண்டும். தண்ணீரை நிலமாக்கத் தெரிந்த சட்டத்துக்கு, ஒரு இரவை உரிமையாக்க ஒரு படிவம் இல்லை.

5

அதற்காகச் சட்டம் முழுக்க எதிரி என்று முடித்துவிடுவது நம் பக்கத்துச் சோம்பேறித்தனம். சட்டம் ஒரே குரலில் பேசுவதில்லை. 1876இல் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்கு ஒரு வழக்கு வந்தது, பாபன் மாயாசா எதிர் நாகு ஷ்ராவுசா. தானா கடலோரத்தில் கழி நட்டு வலை கட்டுகிறவர்களுக்குள் தகராறு. அதாவது நம் சுத்து வலைக்கு ஒன்றுவிட்ட சகோதரன். நீதிமன்றம் சொன்னதன் சாரம் இது: கடலில் மீன் பிடிக்கும் உரிமை எல்லாருக்கும் பொது, அது யாருடைய சொத்தும் அல்ல. சில இடங்களில் அந்தப் பொது உரிமையை உள்ளூர் வழக்காறு ஒழுங்குபடுத்தலாம். ஆனால் அதைப் பயன்படுத்துகிறவன் நியாயமாகப் பயன்படுத்த வேண்டும், அடுத்தவன் பிழைப்பை மறிக்கக்கூடாது.

பாட்டுக்கு இதைவிடப் பக்கத்தில் வந்த சட்ட வாசகத்தை நான் பார்த்ததில்லை. இங்கே வழக்காறு உரிமையைத் தருவதில்லை. உரிமை ஏற்கெனவே எல்லாருக்கும் இருக்கிறது, வழக்காறு அதற்கு முறை வகுக்கிறது. 1882ஆம் வருஷத்து ஈஸ்மெண்ட் சட்டம்கூட அதன் 2ஆம் பிரிவில், நிலத்தோடு ஒட்டாத வழக்காற்று உரிமைகளைத் தான் தொடவில்லை என்று ஒதுங்கிக்கொள்கிறது. அதாவது கதவு சாத்தியிருக்கிறது, பூட்டவில்லை. ஏரி கடலல்ல என்று எதிர்வாதம் வரும். வரட்டும். கடல் தினம் இரண்டு முறை உள்ளே வந்துபோகிற ஏரி என்று பதில் சொல்லலாம். சொல்லியிருக்க வேண்டும். எங்கள் மனு சொல்லவில்லை.

அறிஞர்கள் என்ன செய்தார்கள்? 1968இல் காரெட் ஹார்டின், பொதுவில் கிடப்பதெல்லாம் பாழாகும் என்று எழுதினார். தனியாருக்குக் கொடு, அல்லது அரசு எடுத்துக்கொள் என்பதுதான் அதிலிருந்து பலர் எடுத்துக்கொண்ட பாடம். அதற்கு மறுப்பாக எலினார் ஆஸ்ட்ரம் போன்றவர்கள், மக்கள் தாங்களே விதி வகுத்துப் பொதுவைக் காத்த உதாரணங்களைத் தேடிச் சேர்த்தார்கள். ஆஸ்ட்ரமின் நூல் 1990இல் வந்தது, 2009இல் நோபெல். இந்த அலையில் பாடும் உலக அரங்கு ஏறியது. 1982இல் ஐ.நா.வின் உணவு விவசாய நிறுவனம் வெளியிட்ட ஆய்வில் ஃபிரான்சிஸ் கிறிஸ்டி ‘எல்லைசார் பயன்பாட்டு உரிமை’ என்ற கருத்தை விளக்கினார். அதே நிறுவனத்துக்காக 1991இல் செபாஸ்டியன் மாத்யூ பழவேற்காட்டுப் பாட்டை விரிவாகப் பதிவு செய்தார். 2004இல் கொச்சிக் காயல் பாட்டைப் பற்றி லோபும் பெர்க்ஸும் எழுதியபோது அது ‘சமூகம் சார்ந்த மேலாண்மை’ ஆயிற்று.

இவர்கள் உழைப்பைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஹார்டினின் வாதத்துக்குப் பதில் சொல்ல நமக்குக் கையில் ஏதாவது இருக்கிறதென்றால் இவர்கள் தந்ததுதான். ஆனால் பெயர்கள் என்ன செய்கின்றன என்று கேட்க வேண்டும். ‘எல்லைசார்’ என்றவுடன் காலத்தில் இருந்த உரிமை மறுபடி இடத்துக்கு வந்துவிடுகிறது. ‘சமூகம் சார்ந்த’ என்பது அதைவிட வழுக்கலானது. எந்தச் சமூகம்? ஆங்கிலத்தில் எழுதினால் அது இனிமையான கூட்டுச் சொல். தமிழில் ‘நீங்க என்ன சமூகம்?’ என்று ஒருவன் கேட்டால் அவன் என்ன கேட்கிறான் என்று எல்லாருக்கும் தெரியும். அந்த ஆய்வுகளுக்குள்ளேயே சாதி, ஆண்வழி, வாரிசு எல்லாம் எழுதப்பட்டிருக்கின்றன. தலைப்புக்கும் கோரிக்கைக்கும் வரும்போதுதான் காணாமல் போகின்றன. இலங்கையில் நீர்கொழும்புக் களப்பின் கழிவலை உரிமையும் இப்படித்தான்: சுழற்சி முறை உண்டு, கூடவே கத்தோலிக்க ஆண்களின் வாரிசுப் பட்டியலும் உண்டு.

நான் வந்து சேர்ந்த இடம் இது: பாட்டில் இரண்டு பாகம். ஒன்று முறை, மற்றது பட்டியல். முறையில் சொத்து இல்லை. ஆனால் சொத்து எங்கேயும் போய்விடவில்லை, பட்டியலுக்குள் போய் உட்கார்ந்திருக்கிறது. சீட்டுக் குலுக்குவதில் சமத்துவம், யார் பேரைச் சீட்டில் எழுதுவது என்பதில் சாதி. உள்ளே இருப்பவர்களுக்கு அது உடன்பாடு, வெளியே இருப்பவர்களுக்கு அது கட்டுப்பாடு.

இறாலுக்கு ஏற்றுமதி விலை ஏறாதவரை இந்த ‘வெளியே’ பெரிதாகச் சத்தம் போடவில்லை. விலை ஏறியதும் ஏரியை நம்பி வந்தவர்கள் பெருகினார்கள். தலித்துகள், இருளர்கள், முஸ்லிம்கள், வேறு குப்பத்தார் எல்லாரும் எங்களுக்கு ஏன் இல்லை என்று கேட்டார்கள். ராக்கெட் தளத்துக்காக ஸ்ரீஹரிகோட்டாத் தீவிலிருந்து கிளப்பப்பட்டவர்களின் பிழைப்பும் இந்தத் தண்ணீரைச் சுற்றித்தான். கேள்விக்கு ஏரியில் சில நேரம் சமரசமும் சில நேரம் அடிதடியும் பதிலாக வந்தன. இதைச் ‘சமூக மேலாண்மையின் சீர்குலைவு’ என்று எழுதுவது ஒரு பார்வை. பட்டியலுக்கு வெளியே நின்றவர்கள் பேச ஆரம்பித்த காலம் என்று எழுதுவது இன்னொரு பார்வை.

6

இப்போது அந்த விட்டுப்போன வரி.

மனுவுக்காகக் குப்பம் குப்பமாய்ப் போய்வந்த நாட்களில், இருளர் குடியிருப்பில் ஓர் அக்காவிடம் பேசினேன். எண்ணூர், பழவேற்காட்டு நீர்வழிகளில் இருளப் பெண்கள் இறால் பிடிப்பதைப் பார்த்திருப்பீர்கள். படகு கிடையாது, வலையும் கிடையாது. கழுத்தளவு தண்ணீரில் உட்கார்ந்து நகர்ந்து, சேற்றைத் துழாவிக் கையால் இறாலைப் பிடித்து, பனையோலைப் பறியில் போடுகிறார்கள். இரண்டு கையும் தண்ணீருக்குள் இருப்பதால் பறியைப் பல்லால் கடித்துக்கொள்கிறார்கள். ‘எடுத்துக்கொள்ளும் ஆதாயம்’ என்று சட்டம் சொல்கிறதே, அதன் நேரடி அர்த்தத்தில் எடுக்கிறவர்கள் இவர்கள்தான்.

அந்த அக்கா மனுவை என்னைப் படிக்கச் சொல்லிக் கேட்டார். முழுக்கக் கேட்டுவிட்டுச் சொன்னார்: ‘எல்லாம் சரிதாங்க. இதுல எங்க பேரு எந்தப் பாட்டுல வருது?’

நான் மழுப்பினேன். இப்போதைக்கு எல்லாரும் ஒற்றுமையாக இருப்பதுதான் முக்கியம் என்றேன். துறைமுகம் வேண்டாம் என்பதில் நமக்குள் வேறுபாடு இல்லையே என்றேன். ‘அது சரி, நீங்க எழுதிக்கினு போங்க’ என்று எழுந்து போய்விட்டார். அந்தக் கேள்வியை ஒரு வரியாகவாவது மனுவில் சேர்க்கலாமா என்று அன்றிரவு யோசித்தேன். சேர்த்தால் எதிர்த்தரப்பு பிடித்துக்கொள்ளும், ‘அவர்களுக்குள்ளேயே ஒத்துக்கொள்ளாத உரிமை’ என்று சொல்லிவிடும் என்று தோன்றியது. விட்டுவிட்டேன். வக்கீல் அடித்தது ஒன்பது சொல். நான் அடித்தது ஒரு ஆள்.

இது என் மனசாட்சிக் கதையாக மட்டும் இருந்தால் எழுதியிருக்க மாட்டேன். 2013இல் காட்டுப்பள்ளித் துறைமுகம் இயங்கத் தொடங்கியது. 2018இல் அது அதானி குழுமத்தின் கைக்குப் போயிற்று. பிறகு வந்த பெரிய விரிவாக்கத் திட்டத்தை எதிர்த்துப் பழவேற்காட்டுக் குப்பங்கள் போராடின. 2017 ஜனவரியில் எண்ணூர் அருகே இரண்டு கப்பல்கள் மோதிக் கடலில் எண்ணெய் கொட்டியது. 2023 டிசம்பரில் புயல் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் பரவியது. ஒவ்வொரு முறையும் முதலில் கேட்கப்படுவது பட்டியல்: சங்க உறுப்பினர் யார், படகு யாருக்கு, வலை யாருக்கு. பல்லில் பறியைக் கடித்துக்கொண்டிருப்பவளின் பெயரை எந்தக் கலத்தில் எழுதுவது? கடலோர மேலாண்மை வரைபடங்களில் மீனவர் பயன்படுத்தும் இடங்களைக் குறிக்க வேண்டும் என்று நாம் கேட்கிறோம். கேட்க வேண்டியதுதான். ஆனால் இன்றிருக்கிற பட்டியலோடு பாட்டை அப்படியே வரைபடத்தில் ஏற்றச் சொன்னால், நேற்றுவரை தகராறு போட்டு மாற்றிக்கொள்ள முடிந்த ஒரு பட்டியலை நாமே பட்டாவாக்கிக் கொடுக்கிறோம்.

அப்படியானால் வழக்காற்றைக் கைவிடுவதா? கைவிட்டால் தண்ணீர் நேராகத் துறைமுகத்துக்குப் போகும், இருளருக்கு வராது. வழக்காற்றைச் சட்டமாக ஏற்றுக்கொள் என்று கேட்கத்தான் வேண்டும், ஆனால் முழுசாகக் கேட்க வேண்டும். அரசியல் சாசனத்தின் 13ஆம் பிரிவு, சட்டத்தின் வலுவுள்ள வழக்காறும் சட்டம்தான் என்கிறது. அதே பிரிவு, அடிப்படை உரிமைக்கு முரணான சட்டம் செல்லாது என்றும் சொல்கிறது. உள்ளே வருகிற கதவும் சோதனை போடுகிற கதவும் ஒன்றுதான். சாதி எப்போதும் வழக்காறு என்ற பெயரில்தான் பேசும் என்று தெரிந்த அம்பேத்கரின் சாசனம் அது. பாடு அந்தக் கதவு வழியாக வரட்டும். முறை உள்ளே வரட்டும், பட்டியல் பதில் சொல்லிவிட்டு வரட்டும். ‘அடுத்தவன் பிழைப்பை மறிக்கக்கூடாது’ என்று 1876இல் ஒரு காலனிய நீதிமன்றம் சொன்னதைத் துறைமுகத்துக்கும் சொல்லலாம், ஊர்ப் பஞ்சாயத்துக்கும் சொல்லலாம்.

இது சுலபம் என்று நான் நினைக்கவில்லை. பாடு உள்ளவரும் பணக்காரர் அல்ல. முகத்துவாரம் தூர்ந்துபோனால் அவர் சீட்டுக்கும் அர்த்தமில்லை. அவரிடம் போய்ப் பட்டியலைத் திற என்று சொல்ல வெளியூர்க்காரனான எனக்கு என்ன யோக்கியதை என்ற கேள்வியும் நியாயம்தான். ஆனால் மனு எழுதப் போகிறவனுக்கு ஒரு வேலை உண்டு. கேட்ட கேள்வியை அடிக்காமல் எழுதுவது.

அடுத்த மனுவில் பாடு என்ற சொல்லைப் பெயர்க்கப்போவதில்லை. பாடு என்றே எழுதுவேன், அடியில் இரண்டு வரி விளக்கம்: ஒரு நீரில் முறைவைத்து உழைக்கும் உரிமை, யார் யாருக்கு என்பது இன்னும் தீராத வழக்கு. இரண்டாவது வரியை வக்கீல் அடிக்கப் பார்ப்பார். அடிக்க விடக்கூடாது.